வெட்டி எடுத்த நான்கு நிமிஷம்

கண்ணு,

நலம் விசாரிக்கிற வரியை இந்தத் தடவை உன் அம்மா தனியாக எழுதித் தருகிறேன் என்றிருக்கிறாள். எனக்கு அதற்குப் பொறுமை இல்லை. காலையிலிருந்து நான்கு தடவை உட்கார்ந்து நான்கு தடவை எழுந்துவிட்டேன். ஒரு தடவை பேனாவுக்கு மை, ஒரு தடவை சாயா, ஒரு தடவை ஜன்னலை மூட, பிறகு அதே ஜன்னலைத் திறக்க. "எழுதணும்னா எழுதுங்க, இல்லைன்னா வெளியில போயிட்டு வாங்க, இப்படி வீட்டை அளக்காதீங்க" என்று உன் அம்மா சத்தம் போட்டுவிட்டாள். வியாழக்கிழமை உன் கம்பெனியில் விசாரணை. இன்று திங்கள். தபாலை நம்ப முடியாது. அதனால் இதை நானே நாளைக்குப் படகும் பஸ்ஸும் ஏறிக் களமசேரிக்குக் கொண்டுவந்து, உன் ஹாஸ்டல் வார்டன் கையில் கொடுத்துவிட்டுத் திரும்பிவிடுவேன். உன்னை நேரில் பார்த்தால் சாப்பாடு எப்படி, கொசு உண்டா என்று பேசிவிட்டு வந்துவிடுவேன். என்னை எனக்குத் தெரியும்.

எட்டு நாளுக்கு முன்னால் நீ வீட்டுக்கு வந்திருந்தபோது, சாப்பிட்ட கையைக் கழுவாமல் உட்கார்ந்து ஒரு விஷயம் சொன்னாய். நான் கேட்டது சரியா என்று நீயே பார்த்துக்கொள், திருப்பிச் சொல்கிறேன். உங்கள் பிளாண்டில் ஒரு குழாயைப் பிரித்து வேலை செய்துகொண்டிருந்தார்கள். அந்த மாதிரி நேரத்தில் பம்பின் ஸ்விட்சில் 'தொடாதே' என்கிற சிவப்பு போர்டை சூப்பர்வைசர் தொங்கவிட வேண்டும். வர்கீஸ் சேட்டன் வந்தார், போர்டு இல்லை, வழக்கம்போல ஸ்விட்சைப் போட்டார், பிரித்து வைத்த குழாயிலிருந்து கொதிக்கக் கொதிக்க வந்து அவருடைய இரண்டு கையும் வெந்துவிட்டது. சூப்பர்வைசர் இப்போது, நான் போர்டு போட்டிருந்தேன், வர்கீஸ்தான் கழற்றி எறிந்துவிட்டு ஸ்விட்சைப் போட்டான் என்கிறார். விபத்துக்கு ஐந்து நிமிஷம் முன்னால் அந்த ஸ்விட்சுக்குக் கீழே இருக்கிற இன்னொரு குழாயில் சாம்பிள் பிடித்தவள் நீ. போர்டு தொங்கினால் அது குழாயை மறைக்கும், இடது கையால் ஒதுக்கித்தான் சாம்பிள் பிடிக்க முடியும், அன்றைக்கு நான் ஒதுக்கவில்லை என்றாய். அதாவது போர்டு இல்லை. பார்த்த ஒரே ஆள் நீ. நீ சொல்லாவிட்டால் கை போன மனுஷனுக்கு வேலையும் போகும், பழியும் வரும்.

அதுவரை நான் சரியாகத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். பிறகு சூப்பர்வைசர் உன்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னதைச் சொன்னாய். "நீ கண்டில்லான்னா போர்டு இல்லான்னு ஆகுமோ மோளே? நின்றெ அச்சன் தன்னே பறஞ்ஞதல்லே, நீ கண்ணு துறந்நு உறங்ஙும்னு." நீ பார்க்கவில்லை என்றால் போர்டு இல்லை என்று ஆகிவிடுமா, கண்ணைத் திறந்து வைத்துக்கொண்டே தூங்குகிறவள் என்று உன் அப்பாவே சொன்னாரே என்று. விசாரணையிலும் இதைச் சொல்லப் போவதாக வேறு சிரித்துக்கொண்டே சொன்னாராம். நீ அதையும் சொல்லிவிட்டு, தட்டைப் பார்த்துக்கொண்டு கேட்டாய். "அப்பா, நான் பார்த்தது சரியா இருக்குமா? அன்னைக்கு ஜப்பான் படத்துல தூங்கின மாதிரி, இதுலயும் எதையாவது விட்டிருப்பேனோ?"

நான் குடையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டேன். மழை இல்லை, வெயிலும் இல்லை. உன் அம்மா வாசலில் நின்று, "எங்க போறீங்க, குடை எதுக்கு?" என்று கேட்டது பஜார் ரோடு வரை காதில் விழுந்தது. நான் திரும்பி வருவதற்குள் நீ மூன்று மணிப் படகுக்குக் கிளம்பிவிட்டாய். நான் வேண்டுமென்றேதான் தாமதித்தேன்.

நீ அந்தப் படத்தில் தூங்கவில்லை. ஒரு நிமிஷம்கூடத் தூங்கவில்லை. நான் பொய் சொன்னேன். பன்னிரண்டு வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். இதை எழுதுவதற்குத்தான் நான்கு தடவை எழுந்தேன்.

முழுவதும் சொல்கிறேன், உனக்குத் தெரிந்ததும் தெரியாததுமாக. எமர்ஜென்சி முடிந்த வருஷம், நீ நாலாம் வகுப்பு. எனக்கு யூதர் தெருவான ஜூ டவுனில் சுக்குக் கிடங்கில் வேலை, சாம்பிள் பார்க்கிற வேலை. மூட்டைக்குள் கையை விட்டு ஒரு பிடி எடுத்தால், எது பூஞ்சணம் பிடிக்கும், எது பிடிக்காது என்று சொல்லிவிடுவேன். கல்யாணத்துக்கு முன்னால் ஒரு டாக்கீசில் அசிஸ்டென்ட் ஆப்பரேட்டராக இருந்தேன் என்பதால், மட்டாஞ்சேரி ஃபிலிம் சொசைட்டியில் என்னைப் பிடித்துப் போட்டார்கள். அங்கே படத்தைப் பற்றிப் பேச நூறு பேர் இருந்தார்கள், ஃபிலிம் மாட்டத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். காலேஜ் வாத்தியார்கள், வக்கீல்கள், பாங்க் ஆபீசர்கள் எல்லோரும் என்னை சார் என்பார்கள். கிடங்கில் என்னை யாரும் சார் என்று கூப்பிட்டதில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் மட்டும் நான் சார். அந்தக் கர்வம் எனக்கு இருந்தது. இல்லை என்று சொன்னால் அது இன்னொரு பொய்.

ஒரு சனிக்கிழமை அந்த ஜப்பான் படம் மெட்ராசிலிருந்து ரயிலில் தகரப் பெட்டியில் வந்தது. கதை உள்ள படம் இல்லை, பரீட்சார்த்தப் படம் என்று செயலாளர் மேனன் சார் ஒரு மாதமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். நீயும் அம்மாவும் கோயிலுக்குப் போயிருந்தீர்கள். நான் வழக்கம்போல மேஜைமேல் ரீலைச் சுற்றவிட்டு, விரலிடுக்கில் ஃபிலிமைப் பிடித்துக் கிழிசல் பார்த்தேன். பாதிக்கு மேல் போனதும் வெற்று ஃபிலிம் வந்தது. படமே இல்லை, கண்ணாடி மாதிரி. வந்துகொண்டே இருந்தது. இரண்டு சின்ன ரீலை ஒரே பெரிய ரீலாக ஒட்டுகிற ஆப்பரேட்டர்கள், முதல் ரீலின் வால், இரண்டாம் ரீலின் தலை இரண்டையும் வெட்டிவிட்டு ஒட்ட வேண்டும். அந்த வாலும் தலையும் வெற்று ஃபிலிம்தான். எந்த ஊர்ச் சோம்பேறியோ வெட்டாமல் ஒட்டியிருக்கிறான் என்று நினைத்தேன். இவ்வளவு நீளமா என்று ஒரு நொடி தோன்றியது. தோன்றியதை நான் மதிக்கவில்லை. இரண்டு பக்கமும் வெட்டி, பசை தடவி, அழுத்தி, ஜாயிண்ட் தெரியாதபடி ஒட்டினேன். வெட்டின சுருளைத் துணிப்பையில் போட்டேன். மேனன் சாருக்கு வேலை மிச்சம் பண்ணிக் கொடுத்தோம் என்று சந்தோஷமாகத்தான் அன்றைக்குத் தூங்கினேன்.

மறுநாள் ஸ்கூல் ஹாலில் ஜன்னலுக்கெல்லாம் கறுப்புத் துணி கட்டியாயிற்று. கூட்டம் நிறைந்துவிட்டது. புரொஜெக்டர் பக்கத்தில் ஸ்டூலில் நீ. மேனன் சார் மேடைக்குப் போய்க் குறிப்பு வாசித்தார். இங்கிலீஷில் வந்ததை அவரே மலையாளத்தில் எழுதி, சைக்ளோஸ்டைல் எடுத்து, எல்லோருக்கும் கொடுத்திருந்தார். யாரும் பார்க்காத நேரத்தில் ஒரு அறை அங்கே இருக்கிறதா என்பதுதான் படத்தின் கேள்வியாம். அதைச் சொல்லிவிட்டு அவர் கையை உயர்த்தினார். "படத்தின்றெ நடுவில் நாலு மினிட்டு ஒந்நும் இல்ல. வெறும் வெள்ள. ஃபிலிம் கட்டாயி என்னு ஆரும் கூவண்டா." ஃபிலிம் அறுந்துவிட்டது என்று யாரும் கத்த வேண்டாமாம். எல்லோரும் சிரித்தார்கள். என் கை ஸ்விட்சில் இருந்தது. துணிப்பை காலடியில் இருந்தது. அந்த நாலு மினிட்டும் அதற்குள் இருந்தது.

நான் என்ன செய்திருக்கலாம் என்று பன்னிரண்டு வருஷமாக யோசித்தாயிற்று. சார், ஒரு தப்பு நடந்துவிட்டது, அரை மணி நேரம் கொடுங்கள், ஒட்டிவிடுகிறேன் என்று எழுந்து நின்றிருக்கலாம். என்ன ஆகியிருக்கும்? இரண்டு சாயா குடித்திருப்பார்கள். அதுகூட வேண்டாம், அந்த இடம் வரும்போது ஃபிலிமைக் கழற்றிவிட்டு வெறும் விளக்கை எரிய விட்டிருந்தால் வெள்ளை வந்திருக்கும், யாருக்கும் தெரிந்திருக்காது. எதுவும் செய்யவில்லை. விளக்கை அணைக்கச் சொல்லி, ஸ்விட்சைப் போட்டேன்.

படம் உனக்கு ஞாபகம் இருக்கிறதா? ஒரு ஜப்பான்காரப் பெண்ணின் சமையலறை. கேமரா அசையவே இல்லை. அவள் வருகிறாள், அரிசி களைகிறாள், போய்விடுகிறாள். ஆள் இல்லாத சமையலறையையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். அடுத்த தடவை அவள் வரும்போது கெண்டி இல்லை. அடுத்த தடவை முக்காலி இல்லை. எப்போது எடுத்தார்கள் என்று தெரியாது, பார்த்துக்கொண்டே இருக்கும்போது ஒரு சாமான் குறைந்திருக்கும். பெரியவர்கள் நெளிந்துகொண்டிருந்தார்கள். நீ மட்டும் விளையாட்டு மாதிரி, "அப்பா, கரண்டி போச்சு", "அப்பா, துணி போச்சு" என்று என் காதில் சொல்லிக்கொண்டே இருந்தாய். அந்த ஹாலில் அந்தப் படத்தை அப்படிப் பார்த்தது நீ ஒருத்திதான். நடுநடுவே, "வெள்ளை எப்ப வரும்ப்பா?" என்று மூன்று தடவை கேட்டாய். சமையலறை மொத்தமும் காலியானது. ஜாயிண்ட் போகிற சத்தம், டக் என்று, எனக்கு மட்டும் கேட்டது. உடனே அதே சமையலறை, வெளியே தோட்டத்திலிருந்து ஜன்னல் வழியாக. எல்லாச் சாமானும் அதது இடத்தில். அவள் அரிசி களைகிறாள். படம் முடிந்துவிட்டது.

யாராவது கத்துவார்கள் என்று காத்திருந்தேன். கைதட்டினார்கள். பழம்பொரியும் சாயாவும் வந்தன, பேச்சு ஆரம்பித்தது. எர்ணாகுளத்திலிருந்து வந்திருந்த ஒரு காலேஜ் வாத்தியார், அந்த நான்கு நிமிஷ வெள்ளையில் தன் அம்மாவின் சாவைக் கண்டேன் என்றார். பாங்க் ஆபீசர் ஒருவர், மூன்றாவது நிமிஷம் பயம் வந்துவிட்டது, எழுந்து ஓடலாமா என்றிருந்தது என்றார். மேனன் சார் கண்ணைத் துடைத்தார். ஐயோ, அவர்கள் பேசின பேச்சில் எனக்கே ஒரு நிமிஷம் சந்தேகம் வந்துவிட்டது, வெள்ளை வந்ததோ, நான்தான் கவனிக்கவில்லையோ என்று. பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன். சுருள் உள்ளேதான் இருந்தது.

அப்போதுதான் மேனன் சார் உன்னைப் பார்த்து, உனக்கு என்ன தோன்றியது என்று, "நம்முடெ செல்விக்கு எந்து தோந்நி?" என்று கேட்டார். நீ ஸ்டூலிலிருந்து இறங்கி, பாவாடையைச் சரிசெய்துகொண்டு சொன்னாய். "வெள்ள வந்நில்லல்லோ சாரே." வெள்ளை வரவில்லையே என்று. மேனன் சார் என்னைப் பார்த்தார். மற்ற தலைகளும் என் பக்கம் திரும்பின. நான் சிரித்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போதும் உடம்பு கூசுகிறது. "அவ தூங்கிட்டா சார், அந்த நேரத்துல என் மேல சாய்ஞ்சு நல்லாத் தூங்கிட்டா." அவ்வளவுதான், ஹால் முழுக்கச் சிரிப்பு. அந்த வாத்தியார், குழந்தைக்கு வெள்ளை தூக்கமாக வந்திருக்கிறது, எவ்வளவு அழகு என்று சொல்ல, அதற்கும் கைதட்டினார்கள். நீ என்னைப் பார்த்தாய். அழவில்லை. கணக்கில் எங்கே தப்பு என்று தேடுகிற மாதிரி என் முகத்தைப் பார்த்தாய்.

வீட்டுக்கு வருகிற வழியில், "நான் தூங்கினேனாப்பா?" என்று கேட்டாய். ஆமாம் என்றேன். "கண்ணைத் திறந்துட்டா?" என்று கேட்டாய். அதற்கும் ஆமாம் என்றேன். வீட்டுப் படி ஏறும்போது அம்மாவிடம் நீயாகவே, "அம்மா, நான் நடுவுல தூங்கிட்டேன்" என்றாய். அந்த இடத்தில் நான் செத்திருக்க வேண்டும். மத்தியானச் சாப்பாட்டில் இரண்டு தடவை மோர் விட்டுச் சாப்பிட்டேன்.

அன்று சாயங்காலமே படப் பெட்டி திருச்சூருக்குப் போக வேண்டும். ரயிலுக்கு முன்னால் அதைத் திருப்பி ஒட்ட எனக்கு இருபது நிமிஷம் போதும். ஆனால் கத்தரிக்கோலும் பசையுமாக யாராவது என்னைப் பார்த்துவிட்டால்? அப்படியே அனுப்பிவிட்டேன். இரண்டு மாதம் கழித்து திருச்சூர்க்காரர்கள் அச்சடித்த சொசைட்டிப் பத்திரிகை வந்தது. அந்த வெள்ளையைப் பற்றி அங்கேயும் ஒருவர் முக்கால் பக்கம் எழுதியிருந்தார். சுருளை ஒரு பிஸ்கட் டப்பாவில் போட்டு பீரோ மேல் வைத்தேன். முறுக்குக்கு டப்பா தேடின உன் அம்மா திறந்து பார்த்து, "இது என்ன, ஒண்ணுமே இல்லாத ஃபிலிமு?" என்று கேட்டாள். ஆபீஸ் சாமான் என்றேன். சுக்குக் கிடங்கில் என்ன ஃபிலிம் சாமான் என்று அவள் கேட்கவில்லை. பார்த்த பார்வையில் கேட்டாள்.

பொய்யைச் சொன்னதோடு விட்டேனா? அதை வீட்டு வேடிக்கையாக வளர்த்தேன். நீ எதைப் பார்த்தேன் என்று சொன்னாலும், "கனவு கண்டிருப்பே, நீதான் கண்ணைத் திறந்துட்டே தூங்குறவளாச்சே" என்பேன். எல்லோரும் சிரிப்பார்கள், நீயும் சிரிப்பாய். எட்டாம் வகுப்பில் இருந்தபோது ஒரு நாள் எர்ணாகுளத்து டாக்டரிடம் போகப் படகுத்துறையில் நின்றோம், "அப்பா, இது நம்ம போட்டு இல்லை, போர்டுல வைப்பின்னு போட்டிருக்கு" என்றாய். கனவு கண்டிருப்பே என்று உன்னை இழுத்து ஏற்றினேன். வைப்பின் தீவில் போய் இறங்கினோம், எர்ணாகுளத்தில் டாக்டர் மூடிவிட்டுப் போய்விட்டார். திரும்பி வரும்போது நீ என்ன சொன்னாய் தெரியுமா? "சாரிப்பா, நான் உறுதியாச் சொல்லியிருக்கணும்." தப்புப் பண்ணினவன் நான், மன்னிப்புக் கேட்டவள் நீ. அதற்கப்புறம் நீ பூட்டை இரண்டு தடவை இழுத்துப் பார்ப்பதும், பரீட்சைத் தாளில் எழுதின விடையை அடித்துவிட்டு அதே விடையைத் திரும்ப எழுதுவதும், ஒன்றைச் சொல்லிவிட்டு உடனே எங்கள் முகத்தைப் பார்ப்பதும் வந்தது. அம்மா உன்னைக் கண் டாக்டரிடம் கூட்டிப்போனாள். கண் நன்றாக இருக்கிறது என்றார். எனக்குத் தெரியாதா?

உன் சூப்பர்வைசருக்கும் நான்தான் சொன்னேன். வேலையில் சேர உன்னைக் கொண்டுவந்து விட்ட அன்று, கேன்டீனில் அவர் எனக்குச் சாயா வாங்கிக் கொடுத்து, மகள் ஃபர்ஸ்ட் கிளாஸாமே என்றார். நாலு பேர் முன்னால் பெற்ற பிள்ளையைப் புகழ்ந்தால் கண் பட்டுவிடும் என்று, மட்டம் தட்டிப் பேசுவதுதானே நம் வீட்டு வழக்கம். "அதெல்லாம் ஒண்ணுமில்ல சார், கண்ணைத் திறந்துட்டே தூங்குற பொண்ணு, பார்த்துக்கோங்க" என்று படக் கதையைச் சொல்லிச் சிரித்தேன். அவரும் சிரித்தார். அது அவருக்கு இப்படிப் பயன்படும் என்று எனக்கு அன்றைக்குத் தெரியுமா? தெரியாது என்பதால் என் குற்றம் குறைந்துவிடாது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நீ காலேஜில் சேர்ந்த வருஷம், ஒரு மத்தியானம், ஹாலில் யாரும் இல்லாதபோது அந்தச் சுருளை மாட்டி ஓட்டிப் பார்த்தேன். அப்படி அதில் என்னதான் இருக்கிறது என்று பார்த்துவிடலாம் என்று. திரையில் வெள்ளை. முதலில் கீறல், தூசி. பிறகு என் கண்ணுக்குள்ளே மிதக்கிற நூல்கள், புள்ளிகள். அப்புறம் அதுவும் இல்லை. காற்றில் மெஷின் சத்தம் மட்டும். கண்ணுக்கு வேலை இல்லாமல் போனால் மனசு என்ன செய்யும்? உன் முகம்தான் வந்தது, ஸ்டூலிலிருந்து இறங்கி நின்று என்னைப் பார்த்த முகம். இரண்டு நிமிஷத்துக்கு மேல் என்னால் உட்கார முடியவில்லை. ஸ்விட்சை அணைத்துவிட்டேன். அந்தப் படத்தை எடுத்த ஜப்பான்காரர் கெட்டிக்காரர். நான் வீசி எறிந்த இடத்தில்தான் அவர் படத்தை வைத்திருந்தார்.

நேற்று ஞாயிறு. சொசைட்டியில் இப்போது வீடியோ வந்தபின் இருபது பேர் வந்தால் அதிகம். படம் முடிந்ததும் நான் எழுந்து நின்று, டப்பாவைத் திறந்து, நடந்ததை எல்லாம் சொன்னேன். அன்று இருந்தவர்களில் ஆறேழு பேர் நேற்றும் இருந்தார்கள். என்ன சொல்லியிருப்பார்கள் என்று நினைக்கிறாய்? மேனன் சார் கைத்தடியை ஊன்றி எழுந்து என் தோளைத் தட்டினார். "தனக்குப் பிராயம் ஆயி. ஞான் கண்டதல்லே? நாலு மினிட்டு. ஞான் கரஞ்ஞதல்லே?" உனக்கு வயதாகிவிட்டது, நான் பார்த்தேனே, அழுதேனே என்கிறார்! மற்றவர்களும் தலையாட்டினார்கள். சுருளைக் கையில் கொடுத்தேன். இது வேறு ஏதோ ரீலின் வாலாக இருக்கும் என்று திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். எனக்கு வந்த கோபத்தில் பழம்பொரித் தட்டைக் கவிழ்த்திருப்பேன். பிறகுதான் உறைத்தது, இவர்கள் மேல் கோபப்பட எனக்கு என்ன யோக்கியதை? நாலு பேர் சேர்ந்து, நீ கண்டது இல்லை என்று சிரித்துக்கொண்டே சொன்னால் எப்படி இருக்கும் என்று இந்த வயதில் தெரிந்துகொண்டேன். உனக்கு அப்போது ஒன்பது வயது. எதிரில் நின்றவன் உன் அப்பன்.

அதனால் சொல்கிறேன் கண்ணு. அவர்கள் எல்லோரும் வெள்ளை வரும் என்று சொல்லக் கேட்டார்கள், வந்ததாக எடுத்துக்கொண்டார்கள். நீ வெள்ளைக்காகக் காத்திருந்தாய், அதனால் வரவில்லை என்று தெரிந்தது. சூப்பர்வைசர் சொல்வது பொதுவாகச் சரிதான், பார்க்காததும் இல்லாததும் ஒன்றல்ல. ஆனால் குழாயைப் பிரித்து வேலை செய்கிற நாளெல்லாம் மணிக்கொரு தரம் இடது கையால் ஒதுக்குகிற போர்டு ஒரு நாள் ஒதுக்க வேண்டியில்லாமல் போனால், அது இல்லை என்று அந்தக் கைக்குத் தெரியும். இதற்கு மேல் நான் சொல்லக் கூடாது. நான் அங்கே இல்லை. அன்று நீ பார்த்ததை நான் சொன்னேன், இன்றும் நீ பார்த்ததை நானே சொன்னால் அது அதே தப்பு. வேலைக்கு ஆபத்து வருமா என்று கேட்டால், வரலாம். உன் அம்மா அதைச் சொல்லித்தான் இரண்டு நாளாகச் சாமி படத்துக்கு முன்னால் நிற்கிறாள். வந்தால் வீட்டுக்கு வா. இங்கே உன்னைப் பார்த்து இனி யாரும் சிரிக்க மாட்டார்கள்.

வியாழக்கிழமை காலை முதல் பஸ்ஸில் வந்துவிடுவேன். உங்கள் கேட்டுக்கு எதிரே இருக்கிற சாயாக்கடையில் உட்கார்ந்திருப்பேன். கையில் டப்பா இருக்கும், நூற்று நாற்பது அடிச் சுருளும் அதில் இருக்கும். கண்ணைத் திறந்துகொண்டு தூங்குகிறவள் என்று அந்த ஆள் ஆரம்பித்தால் என்னைக் கூப்பிடு. வந்து எல்லோருக்கும் முன்னால் நின்று, பொய் சொன்னவன் நான் என்று சொல்கிறேன். நம்ப மாட்டார்கள், எனக்கு அது பழகிவிட்டது. உனக்கு வெட்கமாக இருந்தால் கூப்பிட வேண்டாம், அப்படியே உட்கார்ந்திருக்கிறேன். அதுவும் உன் இஷ்டம்தான்.

எல்லாம் முடிந்து நீ வெளியே வருவாய். சேர்ந்து ஒரு சாயா குடிப்போம். உள்ளே என்ன சொன்னாய் என்று நான் கேட்க மாட்டேன். நீயும் ஒன்றைக் கேட்காமல் இருக்க வேண்டும். என் முகத்தைப் பார்த்து, நான் பார்த்தது சரியாப்பா என்று மட்டும் கேட்காதே.

அப்பா